முன்ஜாமீன்: வழக்கறிஞர்கள் யாராவது வழிகாட்டுங்கள்

வணக்கம். வரப்புத் தகராறு வழக்கு ஒன்றில் என் தம்பியின் பெயரையும் முதல் தகவல் அறிக்கையில் சேர்த்துவிட்டார்கள். சம்பவத்தன்று அவன் ஊரிலேயே இல்லை. பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 482ஆவது பிரிவின்கீழ் அமர்வு நீதிமன்றத்தில் தாக்கல் செய்த முன்ஜாமீன் மனு தள்ளுபடியாகிவிட்டது. அதன் பிறகுதான் பஸ் டிக்கெட்டும், வேலை செய்யும் இடத்தின் வருகைப் பதிவேட்டு நகலும் கைக்கு வந்தன. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் இவற்றையும் சேர்த்து மனு செய்யலாமா? மனு நிலுவையில் இருப்பதே கைதைத் தடுத்துவிடாது என்கிறார்கள். மனு முடியும்வரை கைது செய்யக் கூடாது என்ற இடைக்காலப் பாதுகாப்பை முதல் விசாரணையிலேயே கேட்டுவிட வேண்டுமா? எல்லாமே 7 ஆண்டுக்கு உட்பட்ட தண்டனைக்குரிய பிரிவுகள்தான். இருந்தும், கைது செய்யாமல் நேரில் ஆஜராகச் சொல்லும் 35(3) பிரிவு நோட்டீஸ்கூட வரவில்லை, போலீசார் மட்டும் வீட்டுக்கு வந்து போகிறார்கள். இரவில் வண்டிச் சத்தம் கேட்டாலே அம்மா எழுந்து உட்கார்ந்துவிடுகிறார். இத்தகைய மனுக்களை நடத்தியவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள், தம்பி நிரபராதி.