புதுப்பிப்பு: ப்ளூ-ஐஸ் டிராகன் டெக், கை அடைக்கும் சிக்கல் தீர்ந்தது

யோசனை சொன்ன எல்லாருக்கும் நன்றி. போன மாதம் நான் கேட்டது: யூ-கி-ஓ அட்டை விளையாட்டில் என் 52 அட்டை ப்ளூ-ஐஸ் டெக்கில் (ஆடும் அட்டைக்கட்டில்), முதல் ஐந்து அட்டையிலேயே இரண்டு மூன்று டிராகன் வந்து கை அடைத்துக்கொள்கிறது, இறக்க வழியில்லை.

40 அட்டையாகக் குறைத்ததில் பாதிப் பயன்தான். தீர்த்துவைத்தது, ‘ட்ரேட்-இன் மூன்று போடு தம்பி’ என்று ஓர் அண்ணன் சொன்னது. அந்த ட்ரேட்-இன் அட்டையை ஆடி, கையில் இருக்கும் எட்டாம் லெவல் டிராகன் ஒன்றைக் கழித்தால் இரண்டு அட்டை எடுக்கலாம். தேங்கிக் கிடந்ததே உதவிக்கு வந்தது.

எதிர்பாராதது ஒன்று: ‘சேஜ் வித் ஐஸ் ஆஃப் ப்ளூ’ அட்டையை நார்மல் சம்மன் செய்தால் (வழக்கமான முறையில் களத்தில் இறக்கினால்), எதிராளியின் அட்டையை முடக்கும் எஃபெக்ட் வெய்லரையும் டெக்கிலிருந்து தேடி எடுக்கலாம். சேஜ் தேடித் தருவது முதல் லெவல் லைட் ட்யூனர் வகை அட்டையை; வெய்லரும் அந்த வகைதானே! இத்தனை நாள் கவனிக்கவே இல்லை.

சனிக்கிழமை டர்பன் சாட்ஸ்வொர்த்தில், நண்பன் வீட்டு கராஜில் நான்கு ஆட்டம், மூன்றில் வெற்றி. தோற்றது மச்சானிடம். பன்னி சௌ (ரொட்டிக்குள் கறிக்குழம்பு) சாப்பிட்ட கையோடு அவன் தொட்டதில், அட்டையின் ஸ்லீவில் (உறையில்) இன்னும் மசாலா வாசனை.