மறுமொழி: பிளானட்டரி நெபுலா – ‘உதிர்முகில்’ என்று வைத்துக்கொள்ளலாமா?

அன்புள்ள குழுவினருக்கு,

வணக்கம். வானியல் கலைச்சொல் பட்டியலில், விண்வெளியில் பரவிக் கிடக்கும் வளிம, தூசு முகிலான நெபுலாவுக்கு ‘விண்முகில்’ என்பதில் பெரும்பாலோர் ஒத்துப்போய்விட்டதால் அதை மறுபடி கிளறவில்லை. நிலுவையில் நிற்பது பிளானட்டரி நெபுலா, அதாவது சாகும் தறுவாயில் ஒரு விண்மீன் கழற்றிவிட்டு ஒளிரும் வளிமம். ‘கோள் விண்முகில்’ என்று பட்டியலில் போட்டுவிட்டு அடுத்த சொல்லுக்குப் போகலாம் என்று இரண்டு மடல்கள் வந்திருக்கின்றன. அவசரப்பட வேண்டாம் என்பது என் வேண்டுகோள். வந்த மடல்களின் வரிகளை ஆங்காங்கே எடுத்துப் போட்டுப் பதில் எழுதுகிறேன்.

> ஆங்கிலத்தில் என்ன இருக்கிறதோ அதைத் தமிழாக்குவதுதான் நம் வேலை. பெயர் பொருந்தவில்லை என்றால் அது வைத்தவர் பாடு.

வைத்தவர் கதையையே பார்ப்போம் ஐயா. 1779இல் பிரான்சில் தார்க்கியே என்ற வானியலாளர், யாழ் விண்மீன் மண்டலத்தில் இன்று வளைய முகில் என்று நாம் சொல்கிற மெசியர் 57ஐ (மெசியர் என்பவரின் பட்டியலில் 57ஆவது) பார்த்தார். வியாழன் அளவுக்குத் தெரிகிறது, மங்கிக்கொண்டிருக்கும் கோள் போல இருக்கிறது என்று எழுதினார். இரண்டு ஆண்டுகள் கழித்து வானியலாளர் வில்லியம் ஹெர்ஷல் யுரேனஸைக் கண்டுபிடித்தார். அடுத்த ஆண்டே, 1782இல், கும்ப மண்டலத்தில் என்ஜிசி 7009 (என்ஜிசி என்பது பின்னாளில் வந்த விண்பொருள் பட்டியல்) அவர் தொலைநோக்கியில் சிக்கியது. சிறிய, மங்கலான, விளிம்பு தெளிந்த வட்டத் தட்டு. யுரேனஸைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு அப்படித்தான் தோன்றும். இந்த வகைக்கு ‘கோள் போன்றவை’ என்று ஒரு பெட்டி போட்டு வைத்தார். அவை கோள்கள் என்று அவர் சொல்லவில்லை. தோற்றத்தை வைத்துப் பிரித்தார், அவ்வளவுதான்.

சொல்லப்போனால் இந்த வகை அவருக்குத் தலைவலியாகவே இருந்தது. விண்முகில்கள் எல்லாம் தொலைவில் இருக்கும் விண்மீன் கொத்துகள், பெரிய தொலைநோக்கி இருந்தால் தனித்தனி மீன்களாகப் பிரிந்துவிடும் என்று அவர் நம்பிக்கொண்டிருந்தார். 1790 நவம்பரில் ரிஷப மண்டலத்தில் என்ஜிசி 1514ஐப் பார்த்தபோது அந்த நம்பிக்கை ஆட்டம் கண்டது. நடுவில் ஒரே ஒரு விண்மீன், அதைச் சுற்றிச் சீரான மங்கிய ஒளி. சுற்றியிருப்பது மீன் கூட்டமாக இருக்க வழியில்லை, ஒளிரும் ஏதோ ஒரு பாய்மம் என்று முடிவுக்கு வந்தார். பெயர் மட்டும் மாறவில்லை.

இப்போது தமிழுக்கு வருவோம். ‘கோள் விண்முகில்’ என்றதும் ஒரு மாணவர் என்ன நினைப்பார்? கோள்கள் உருவாகிற முகில் என்றுதான். அது இல்லாத பொருளும் அல்ல. சுமார் 460 கோடி ஆண்டுகளுக்கு முன் சூரியனும் கோள்களும் ஒரு முகில் சுருங்கித்தான் உருவாயின; அதை எல்லாப் பாடநூலும் சொல்கிறது. ஆக, மாணவர் மனத்தில் இந்தப் பெயர் போய் ஒட்டிக்கொள்வது நேர் எதிர்ப் பொருளில். ஒன்று விண்மீன் குடும்பத்தின் பிறப்பு, மற்றது விண்மீனின் கடைசிக் கட்டம். தொடர்பே இல்லாத வேறொன்றோடு குழம்பினால்கூடப் பரவாயில்லை, திருத்திவிடலாம். இது நம்பும்படியாகக் குழப்புகிறது.

ஆங்கிலத்திலேயே இந்தச் சிக்கல் இருக்கிறது. கோள்கள் உருவாகும் வட்டுக்கு ‘புரோட்டோபிளானட்டரி’ என்கிறார்கள். பிளானட்டரி நெபுலா ஆவதற்கு முந்தைய கட்டத்துக்கும் அதே ‘புரோட்டோ-பிளானட்டரி’, நடுவில் ஒரு சிறு கோடு மட்டும் வித்தியாசம். இது தாங்காமல் 2005இல் ஆய்வாளர்கள் சிலர் இரண்டாவதற்கு ‘பிரீபிளானட்டரி’ என்று மாற்றுப் பெயர் முன்வைத்தார்கள். அவர்களே விழுந்து எழுந்த பள்ளத்தில் நாம் ஏன் போய்க் கால் வைக்க வேண்டும்?

நமக்கு இன்னொரு தொல்லையும் சேர்கிறது: கோள், கோளம். ‘கோளக் கொத்து’ என்று குளோபுலர் கிளஸ்டரை எழுதுகிறோம். பல லட்சம் பழைய விண்மீன்கள் உருண்டையாகத் திரண்டது அது. பக்கத்துப் பத்தியிலேயே ‘கோள் விண்முகில்’ வந்தால், உருண்டையான முகில் என்று வாசிப்பவர்கள் நிச்சயம் இருப்பார்கள். அதுவும் சரியில்லை, இந்த முகில்களில் ஏறத்தாழ ஐந்தில் ஒன்றுதான் உருண்டை, மீதி நீள்வட்டம், இரட்டை மடல் (இருபுறமும் இதழ் போல விரிந்தது), இன்னும் விவரிக்க முடியாத உருவங்கள். ஒரு நண்பர் சொன்ன ‘கோள்வடிவ விண்முகில்’ இதனால்தான் எனக்கு இன்னும் மோசமாகப் படுகிறது. ‘கோள்’ மட்டுமாவது மேம்போக்காக இருந்தது. ‘வடிவம்’ சேர்த்ததும் அது உறுதிமொழி ஆகிவிடுகிறது.

> உலக வழக்கிலிருந்து விலகினால் மாணவர் தேடிப் படிக்க முடியாதே?

நியாயமான கவலை. ஆனால் நாம் ஏற்கெனவே விலகியிருக்கிறோம், யாரும் தொலைந்துபோகவில்லை. ‘அஸ்டிராய்டு’ என்ற சொல்லையும் 1802இல் இதே ஹெர்ஷல்தான் வழக்கில் விட்டார். ‘விண்மீன் போன்றது’ என்று பொருள், அதுவும் தொலைநோக்கித் தோற்றத்தை வைத்துத்தான். தமிழில் ‘விண்மீன்போலி’ என்றா எழுதுகிறோம்? ‘சிறுகோள்’ என்கிறோம். தோற்றத்தை விட்டுவிட்டுப் பொருளைப் பிடித்த பெயர். ‘காமெட்’ கிரேக்கத்தில் நீள்முடியுடையது, நமக்கு வால்மீன். நாண்மீன் (விண்மீன்), கோண்மீன் (கோள்) என்று பிரித்து வைத்த மொழி இது. அந்தப் பிரிவினையை நாமே கலைப்பது போல, சாகிற ஒரு நாண்மீனின் மிச்சத்துக்குக் கோளின் பெயரைச் சூட்டுவது எனக்கு ஒப்பவில்லை.

சரி, அங்கே உண்மையில் நடப்பது என்ன? சூரியனைப் போல ஒன்று முதல் எட்டு மடங்கு வரை நிறையுள்ள விண்மீன், எரிபொருள் தீரும் காலத்தில் ஊதிப் பெருத்துச் செம்பெருமீன் ஆகிறது. அதன் வெளிப்படலங்கள் பிடி தளர்ந்து, நொடிக்குப் பத்து இருபது கிலோமீட்டர் வேகத்தில் கழன்று போகின்றன. உள்ளே இருந்த சூடான கரு வெளியே தெரிகிறது. அதன் வெப்பம் 30,000 கெல்வினை நெருங்கியதும் புறஊதாக் கதிர் பட்டுச் சுற்றியுள்ள வளிமம் ஒளிரத் தொடங்குகிறது. சில ஆயிரம், மிஞ்சினால் சில பத்தாயிரம் ஆண்டுகளில் எல்லாம் பரவி மறைந்துவிடும். கரு வெண்குறுமீனாகக் குளிரும்.

அது வளிமம்தான் என்பதை 1864 ஆகஸ்டில் வானியலாளர் வில்லியம் ஹக்கின்ஸ் காட்டினார். திராகோ மண்டலத்தில் இருக்கும் என்ஜிசி 6543இன் ஒளியை நிறமாலையாகப் பிரித்தபோது விண்மீனுக்குரிய தொடர் வண்ணப்பட்டை வரவில்லை, ஒருசில ஒளிக்கோடுகள் மட்டும் வந்தன. அதில் ஒரு பச்சைக் கோடு எந்தத் தனிமத்துக்கும் பொருந்தாமல் போக, ‘நெபுலியம்’ என்று இல்லாத ஒரு தனிமத்துக்கே பெயர் சூட்டினார்கள்! 1927இல் இயற்பியலாளர் அயரா போவன், அது இரண்டு எலக்ட்ரான்களை இழந்த ஆக்சிஜன் என்று விளக்கினார். வளிமம் அவ்வளவு மெல்லியதாக இருந்தால்தான் அந்தக் கோடு வலுவாகத் தெரியும். நெபுலியம் அத்தோடு போய்ச் சேர்ந்தது. கோள் மட்டும் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

என் பரிந்துரை ‘உதிர்முகில்’. வினைத்தொகை: உதிர்ந்த, உதிர்கிற, உதிரும் முகில், மூன்றும் பொருந்தும். உதிர்வது தானாக நடப்பது, அடித்து வீழ்த்துவது அல்ல. மெசியர் 1 என்ற நண்டு முகிலோடு ஒப்பிட்டால் இது விளங்கும். அங்கே பெருமீன் வெடித்து, பொருள் இன்றும் நொடிக்கு 1,500 கிலோமீட்டர் அளவில் விரைகிறது. அது ‘வெடிப்பு எச்சம்’. இதே காரணத்தால்தான் ‘எச்சமுகில்’ என்ற பரிந்துரையை நான் ஏற்கவில்லை, இரண்டும் கலந்துவிடும். ‘உரிமுகில்’ அழகாக இருக்கிறது, படலம் உரிவது என்ற படமும் சரி. ஆனால் எழுத்தில் பார்த்ததும் ‘உரிமை’ பக்கம் மனம் ஓடுகிறது. ‘சாமுகில்’ வேண்டாம், சாவது முகில் அல்ல.

கூட்டுச்சொற்களில் போட்டுப் பார்த்தேன். இருமடல் உதிர்முகில், உதிர்முகில் நடுமீன், முன்-உதிர்முகில். கடைசியானது மேலே சொன்ன 2005 தகராற்றைத் தானாகவே தீர்த்துவிடுகிறது. கோள்கள் உருவாகும் வட்டின் பெயரோடு மோதவே மோதாது.

> 1978க்குப் பிறகு வெறும் உதிர்தல் போதாது என்று ஆகிவிட்டதே? பின்னால் வரும் வேகமான காற்று முன்னால் போன மெதுவான காற்றை மோதித் திரட்டுகிறது.

உண்மை. மெல்லிய கூடு போன்ற விளிம்புகளுக்கு அதுதான் காரணம், இரட்டை மடல்களுக்கு, அந்த விண்மீனோடு சேர்ந்து சுற்றும் இணைமீனும் பல இடங்களில் காரணம். ஆனால் மோதித் திரட்டப்படுவதும் முன்பு உதிர்ந்ததுதானே. விளக்கம் முழுவதையும் ஒரு சொல்லுக்குள் திணிக்க வேண்டியதில்லை. விளக்கம் நாளை இன்னும் மாறலாம். உதிர்ந்தது என்பது மட்டும் மாறப்போவதில்லை.

எனக்கே உறுத்துவது ஒன்று உண்டு. தானே ஒளியை உமிழும் எமிஷன் நெபுலாவுக்கு ‘உமிழ்முகில்’ என்று வைத்திருக்கிறோம். உமிழ், உதிர் இரண்டும் காதில் நெருங்கி வருகின்றன. பொருளளவில் கேடில்லை, உதிர்முகிலும் ஒளியை உமிழ்வதுதான். வகுப்பில் வாய்மொழியாகச் சொல்லும்போதுதான் பிரச்சினை. பாடம் எடுக்கும் அன்பர்கள் சொல்லிப் பார்த்துவிட்டு எழுதுங்கள். மிகவும் இடறினால் ‘கழல்முகில்’ கையிருப்பில் இருக்கிறது, ஆனால் கழல் என்றால் பலருக்குக் கால் அணிதான் நினைவுக்கு வரும்.

பட்டியலுக்கான பதிவை இப்படி எழுதியிருக்கிறேன், வெட்டித் திருத்துங்கள்:

உதிர்முகில் – பிளானட்டரி நெபுலா. நடுத்தர நிறையுள்ள விண்மீன் தன் இறுதிக் கட்டத்தில் உதிர்த்த வெளிப்படலம், வெளிப்பட்ட சூடான கருவின் புறஊதாக் கதிரால் ஒளிர்வது. எ-டு: மெசியர் 27, மெசியர் 57. பழைய வழக்கு: கோள் விண்முகில், கோள்களோடு தொடர்பில்லை.

பழைய வழக்கைப் பதிவிலேயே விட்டிருப்பதால் தேடுபவர்களுக்கும் கிடைக்கும். கோளக் கொத்தை ‘உருண்டைக் கொத்து’ ஆக்குவதா என்பதைத் தனி இழையில் எடுப்போம், இதோடு சேர்த்தால் இரண்டும் முடியாது.

அன்புடன்