நியோ-ஐடியலிசம்: க்ரோச்சேயும் காயா கல்லாஸும் ஒரே கட்சியா?

மெய்ப்புத்தாள் (கேள்வி; கீழே வரும் மற்றப் பெயர்கள் பதில் எழுதியவர்களுடையவை)

ஐரோப்பிய வெளியுறவுக் கொள்கை பற்றிய ஒரு கட்டுரைத் தொகுப்பு தமிழாக்கத்தில் இருக்கிறது. ‘நியோ-ஐடியலிசம்’ பல இடங்களில் வருகிறது. கலைச்சொல் பட்டியலில் ‘நவ கருத்துமுதல்வாதம்’ என்று போட்டாயிற்று. ஆனால் “லிதுவேனியாவின் நவ கருத்துமுதல்வாத வெளியுறவுக் கொள்கை” என்று எழுதிப் பார்த்தால், உலகமே மனத்தின் தோற்றம் என்று அந்த நாட்டு நாடாளுமன்றம் தீர்மானம் போட்டதுபோல் இருக்கிறது. ‘நவ இலட்சியவாதம்’ என்று மாற்றினால், க்ரோச்சே போன்ற இத்தாலிய மெய்யியலாளர்கள் வரும் பத்தி கெட்டுப்போகிறது. சிக்கலான வாக்கியத்தின் இப்போதைய வரைவு:

“இத்தாலியில் க்ரோச்சே தொடங்கிவைத்த நவ இலட்சியவாதம், 2022க்குப் பிறகு பால்டிக் நாடுகளின் வெளியுறவுக் கொள்கையாக மறுபிறவி எடுத்தது.”

இரண்டும் ஒரே மரபா? ஒரே சொல்லால் தமிழில் சொல்ல முடியுமா? ‘நியோ’ என்பது எதற்குப் பிறகு வந்த புதுமை?

வேர்ச்சொல்

உங்கள் வாக்கியத்தில் பெரிய தவறு ‘மறுபிறவி’தான். இரண்டுக்கும் பெயர்ப் பொருத்தம் உண்டு, வம்சாவளி கிடையாது.

ஆங்கிலத்தில் ‘ஐடியா’வுக்கும் ‘ஐடியல்’லுக்கும் சேர்த்து ‘ஐடியலிசம்’ என்று ஒரே சொல்தான். நாம் முன்பே பிரித்து வைத்துவிட்டோம். உள்ளது எது என்ற கேள்விக்குப் பதில் சொல்வது கருத்துமுதல்வாதம். செய்யத்தக்கது எது என்பதற்குப் பதில் சொல்வது இலட்சியவாதம். ஒருவர் கறாரான பொருள்முதல்வாதியாக இருந்துகொண்டே இலட்சியவாதியாகவும் வாழலாம். கொள்கைக்காகச் சிறைக்குப் போன கம்யூனிஸ்டுகளே அதற்குச் சாட்சி. ஆங்கிலத்தில் இதைச் சொல்ல ஒரு பத்தி விளக்கம் வேண்டும்.

மெய்யியலில் ‘நியோ’ என்பது ஜெர்மன் மெய்யியலாளர்கள் கான்ட், ஹெகல் ஆகியோருக்குப் பிந்தியது என்று பொருள். ஹெகல் 1831இல் இறந்தார். அடுத்த சில பத்தாண்டுகள் இயற்கை அறிவியலை முன்மாதிரியாகக் கொண்ட பாசிட்டிவிசத்தின் காலம். அதற்கு எதிராகப் பழைய ஜெர்மானியச் சரக்கு வெவ்வேறு நாடுகளில் புதுப்பிக்கப்பட்டது. பிரிட்டனில் டி.ஹெச். கிரீன், பிராட்லி, போஸன்கே. அமெரிக்காவில் ஜொசையா ராய்ஸ். இத்தாலியில் க்ரோச்சே, ஜென்டீலே. ஜெர்மனியிலேயே 1910இல் விண்டல்பாண்ட் ‘ஹெகலியத்தின் புதுப்பிப்பு’ பற்றிப் பேச வேண்டியிருந்தது.

இவர்கள் எல்லோரையும் ‘எல்லாம் என் மனசுக்குள்ளேதான்’ என்று சொன்னவர்கள் என எழுதிவிடுவது வழக்கமான பிழை. அது, அறியப்படுவதே உள்ளது என்ற மெய்யியலாளர் பார்க்லியின் வாதத்தைக் கொச்சையாக்கினால் கிடைப்பது. பிராட்லி 1893இல் எடுத்துக்கொண்ட சர்க்கரைக் கட்டியைப் பாருங்கள். வெண்மை, கடினம், இனிப்பு. இந்த மூன்றையும் ‘ஒரு கட்டி’ ஆக்குவது எது? மூன்றுக்கும் இடையிலுள்ள உறவு என்பீர்கள். அப்படியானால் வெண்மையையும் அந்த உறவையும் இணைப்பது எது? இன்னொரு உறவு. அதை இணைக்க மற்றொன்று. முடிவே இல்லை. ஆகவே தனித்தனிப் பொருள்களும் அவற்றுக்கிடையிலான உறவுகளும் கொண்ட உலகம் என்பது வெறும் தோற்றம், மெய்ம்மை பிரிக்க முடியாத ஒரே முழுமை, அது அனுபவமயமானது என்று கொண்டுபோவார். இதில் தனிமனிதரின் மனம் எங்கே வந்தது? இந்தத் தர்க்கத்தில் நேட்டோவுக்கும் இடமில்லை.

பழுப்புத்தாள்

இத்தாலியப் பத்தியைப் பற்றி. ‘க்ரோச்சே, ஜென்டீலே’ என்று காற்புள்ளி போட்டுச் சேர்த்து எழுதும் முன் கொஞ்சம் நில்லுங்கள். 1903இல் க்ரோச்சே தொடங்கிய ‘லா கிரிட்டிகா’ இதழில் இருவரும் கூட்டாளிகள். ஆனால் 1913லேயே கருத்து வேறுபாடு அச்சில் வந்துவிட்டது.

க்ரோச்சேக்கு ஆன்மாவின் செயல் நான்கு வகை: அழகியல், தர்க்கம், பொருளியல், அறவியல். ஒன்றை மற்றொன்றில் கரைக்கக் கூடாது. கவிதையைப் பிரசாரத்தால் அளக்காதே, அரசியலைக் கவிதையாக நினைக்காதே என்பதெல்லாம் இதிலிருந்து வருவது. ஜென்டீலேக்கு அந்தத் தடுப்புச் சுவர்களே பிடிக்காது. அவருக்கு உண்மையானது சிந்தித்துக்கொண்டிருக்கும் செயல் ஒன்றே. இந்த வரியை இப்போது நீங்கள் படித்துப் புரிந்துகொள்ளும் செயல் ‘சிந்திக்கும் சிந்தனை’. திரையில் கிடக்கும் எழுத்தும், நேற்று நீங்கள் முடிவுகட்டிய கருத்தும் ‘சிந்திக்கப்பட்ட சிந்தனை’. அது முன்னதன் எச்சம். 1916இல் வந்த நூலின் தலைப்பிலேயே ‘தூய செயல்’ இருக்கிறது. இதை அரசியலுக்குக் கொண்டுவந்தால் தனிமனிதன் வேறு, அரசு வேறு என்ற பிரிவும் கரைந்துபோகும். ஜென்டீலே 1922இல் முசோலினியின் கல்வி அமைச்சரானார். 1932இல் முசோலினி பெயரில் வந்த பாசிசக் கோட்பாட்டுக் கட்டுரையின் மெய்யியல் பகுதியில் பெரும்பங்கு இவர் எழுதியது.

க்ரோச்சேயும் 1924 வரை செனட்டில் முசோலினி அரசுக்கு ஆதரவாக வாக்களித்தவர்தான். அதனால் அவரைப் பிறவி எதிர்ப்பாளராக்கிவிடாதீர்கள். முறிவு 1925இல். ஏப்ரல் 21 அன்று ஜென்டீலே பாசிச அறிவுஜீவிகளின் அறிக்கையை வெளியிட, மே 1 அன்று க்ரோச்சேயின் எதிர் அறிக்கை வந்தது. ஒரே மெய்யியல் முகாம், பத்து நாள் இடைவெளியில் இரண்டு எதிரெதிர் அரசியல் அறிக்கைகள். மெய்யியல் ஐடியலிசத்திலிருந்து நேராக ஒரு வெளியுறவுக் கொள்கையைப் பிழிந்தெடுக்கலாம் என்று நினைப்பவர்களுக்கு இந்தப் பத்து நாள் போதும்.

ஒரு எச்சரிக்கை. ‘கருத்துமுதல்வாதம்’ நம்மிடம் மார்க்சிய மொழிபெயர்ப்புகள் வழியாகப் பரவிய சொல். நடுவில் இருக்கும் ‘முதல்’ ஒரு வழக்கின் தீர்ப்பு மாதிரி: பொருள் முதலா, கருத்து முதலா? சொல்லிலேயே கொஞ்சம் குற்றச்சாட்டு ஒட்டிக்கொண்டிருக்கிறது. க்ரோச்சேயைச் சிறையில் உட்கார்ந்து வரிக்கு வரி விமர்சித்த இத்தாலிய மார்க்சியர் கிராம்சிகூட அவரை இப்படி ஒரே சொல்லில் தள்ளிவிடவில்லை; இத்தாலியில் மார்க்சியம் வளர அவரோடு கணக்குத் தீர்த்தாக வேண்டும் என்றுதான் நினைத்தார். சொல்லை மாற்றச் சொல்லவில்லை. வேறு நல்ல சொல் நிலைபெறவும் இல்லை. முதல் இடத்தில் ஒரு அடிக்குறிப்பு போதும்.

திசைகாட்டி

வெளியுறவுப் பக்கம் நான் சொல்கிறேன். இங்கே ‘நியோ’ மூன்று முறை வெவ்வேறு பொருளில் வந்திருக்கிறது. உங்கள் கட்டுரைகளில் எது என்று தேதியைப் பார்த்துத்தான் சொல்ல முடியும்.

மூலச் சரக்கு முதல் உலகப் போரின் கடைசிக் கட்டத்திலும் அதற்குப் பின்னரும் வந்தது. 1918 ஜனவரி 8 அன்று அமெரிக்க அதிபர் உட்ரோ வில்சன் அறிவித்த பதினான்கு அம்சங்கள், சர்வதேசச் சங்கம் (லீக் ஆஃப் நேஷன்ஸ்), 1928இல் போரைச் சட்டவிரோதமாக்கிய கெல்லாக்-பிரியாண்ட் ஒப்பந்தம். இந்த முகாமுக்குப் பெயர் வைத்தவர்கள் எதிரிகள். 1939இல் பிரிட்டிஷ் அறிஞர் ஈ.ஹெச். கார் இவர்களைக் ‘கற்பனாவாதிகள்’ என்றார். ‘ஐடியலிஸ்ட்’ முத்திரை பின்னால் கெட்டிப்பட்டது. (அதே கார்தான் 1961இல் வரலாறு பற்றி எழுதும்போது மெய்யியல் ஐடியலிஸ்டுகளான க்ரோச்சேயையும் காலிங்வுட்டையும் மரியாதையோடு எடுத்து விவாதிக்கிறார். ஒரே மனிதர் இரண்டு ஐடியலிசங்களையும் தனித்தனியாகக் கையாண்டார்; யாரும் குழம்பவில்லை.)

முதல் ‘நியோ’ பனிப்போர் முடிந்ததும். 1993இல் சார்லஸ் கெக்லி, சர்வதேச ஆய்வுச் சங்கத் தலைவருரையில், நியோ-ஐடியலிசத்தின் தருணம் வந்துவிட்டதா என்று கேட்டார். தலைப்பிலேயே கேள்விக்குறி உண்டு. அரசுகள் பலத்தையும் தன்னலத்தையும் பார்த்தே நடக்கும் என்ற ரியலிசத்தின் கணிப்புகள் பிசகிவிட்டன, வில்சன் சொன்ன மக்களாட்சி, வணிகம், நிறுவனங்கள் பற்றிய பேச்சுக்கு மறுபடி செவிகொடுக்க வேண்டும் என்பது வாதம். இரண்டாவது, சில பாடநூல்களின் சோம்பேறித்தனம்: கியோஹேன் வகை நவதாராள நிறுவனவாதத்தையே (அரசுகள் பொது நிறுவனங்கள் வழியே ஒத்துழைக்கும் என்ற கோட்பாடு) நியோ-ஐடியலிசம் என்று எழுதிவிடுவார்கள். இது எனக்குச் சம்மதமில்லை. கியோஹேன் 1984இல் தொடங்குவதே தன்னலம் தேடும் அரசுகளிலிருந்துதான். இலட்சியம் அங்கே மூலப்பொருளே இல்லை.

மூன்றாவதுதான் உங்களுடையது என்று நினைக்கிறேன். 2022இல் ரஷ்யா உக்ரைன் மீது முழுப் படையெடுப்பு நடத்திய பிறகு, ஆய்வாளர் பெஞ்சமின் டாலிஸ் பரப்பிய பெயர் இது. உக்ரைன் அதிபர் ஸெலென்ஸ்கி, அப்போதைய எஸ்தோனியப் பிரதமர் காயா கல்லாஸ், அப்போதைய லிதுவேனிய வெளியுறவு அமைச்சர் லாண்ட்ஸ்பெர்கிஸ், அப்போதைய பின்லாந்துப் பிரதமர் சன்னா மரின் ஆகியோரின் நிலைப்பாடுகளைத் தொகுத்து வைத்த பெயர். சாரம் இதுதான்: நலன் ஒரு பக்கம், மதிப்பீடு ஒரு பக்கம் என்று பிரிக்காதே, மக்களாட்சியைக் காப்பதே நலன். வல்லரசுகளின் செல்வாக்கு வட்டம் என்பதை ஏற்காதே. வணிகம் செய்தால் சர்வாதிகாரி திருந்துவான் என்ற பழைய ஜெர்மன் நம்பிக்கையை விடு. தேவைப்பட்டால் ஆயுதம் கொடு.

கடைசி வரிதான் மொழிபெயர்ப்பாளரைக் கவிழ்க்கும் இடம். தமிழில் ‘இலட்சியவாதம்’ என்றதும் கதர், உண்ணாவிரதம், சமாதானம் என்று ஒரு வாடை வரும். 1928இன் ஐடியலிசம் ஒப்பந்தத்தையும் ஆயுதக் குறைப்பையும் நம்பியது. 2022இன் ஐடியலிசம் டாங்கி கேட்கிறது. வாசகர் அமைதிவாதம் என்று படித்துவிடாதபடி பக்கத்து வாக்கியத்தில் ராணுவ உதவி தெரிய வேண்டும்.

உதாரணத்துக்கு, 2021 நவம்பரில் தன் தலைநகர் வில்னியஸில் ‘தைவானிய’ என்ற பெயரிலேயே பிரதிநிதி அலுவலகம் திறக்க லிதுவேனியா அனுமதித்தது. தைவானைத் தன் பகுதி என்னும் சீனா தூதரக உறவைத் தரமிறக்கியது, லிதுவேனியச் சரக்குகள் சீனச் சுங்கத்தில் சிக்கின, 2022 ஜனவரியில் ஐரோப்பிய ஒன்றியம் உலக வணிக அமைப்புக்குப் போனது. காசு போகும் என்று தெரிந்தே எடுத்த முடிவு என்பார்கள் ஆதரவாளர்கள்.

எனக்கு முழுச் சம்மதமில்லை. ரஷ்யாவின் எல்லையில் இருக்கும் எஸ்தோனியாவுக்கு இலட்சியமும் பாதுகாப்பும் ஒரே திசையில் இழுக்கின்றன. ரியலிஸ்ட் ஒருவர் கணித்திருந்தாலும் அதே கொள்கைதான் வந்திருக்கும். இரண்டும் எதிரெதிராக இழுக்கும் இடத்தில்தான் சோதனை. 2023 அக்டோபருக்குப் பின் காசா விஷயத்தில் இரட்டை அளவுகோல் என்ற குற்றச்சாட்டு வலுத்தது அதனால்தான். ஈராக்கில் 2003இல் பார்த்த நவபழமைவாதத்துக்குப் புதுச் சட்டையா என்ற கேள்வியும் உண்டு. படையெடுத்து ஆட்சியை மாற்றுவதில்லை, இருக்கும் மக்களாட்சியைக் காக்கிறோம் என்பது ஆதரவாளர்களின் பதில்.

வேர்ச்சொல்

திசைகாட்டி சொன்னது சரி. ஆனால் உறவே இல்லை என்று நானும் கொஞ்சம் அழுத்திச் சொல்லிவிட்டேன். ஒரு மெல்லிய இழை உண்டு. அது இத்தாலி வழியாக வருவதில்லை. கிரீனின் ஐடியலிசத்தில் அறமும் பொதுநலமும் மையம். அரசின் அடிப்படை பலமன்று, மக்களின் விருப்பம் என்றவர் அவர். அந்தத் தாக்கம் நிலவிய ஆக்ஸ்போர்டில் படித்த ஆல்ஃபிரட் ஸிம்மர்ன்தான், 1919இல் வேல்ஸின் அபெரிஸ்ட்வித்தில் உருவான உலகின் முதல் சர்வதேச அரசியல் பேராசிரியர் இருக்கையில் அமர்ந்தார். அதற்காக நேர்கோடு போட்டுவிட வேண்டாம். அதே சிந்தனைப் பள்ளியின் போஸன்கே, மனிதகுலம் முழுவதற்கும் பொதுவிருப்பம் உருவாகும் அளவுக்குப் பகிர்ந்த அனுபவம் இல்லை என்று வாதிட்டவர். மெய்யியல் ஐடியலிஸ்டே உலக அரசை நம்பவில்லை!

மெய்ப்புத்தாள்

மிக்க நன்றி. அப்படியானால் ஒரு சுருக்குவழி வைத்துக்கொள்கிறேன்: எதிர்ச்சொல் ‘ரியலிசம்’ என்றால் இலட்சியவாதம், ‘மெட்டீரியலிசம்’ என்றால் கருத்துமுதல்வாதம். சரிதானே?

திசைகாட்டி

இரண்டு இடத்தில் கால் வாரும்.

ஒன்று, மெய்யியலிலும் ‘ரியலிசம்’ எதிரணிதான். 1903இல் ஜி.இ. மூர் ஐடியலிசத்தை மறுத்து எழுதியபோது அவர் பலத்தை நம்பிய ஜெர்மன் அரசியல்வாதி பிஸ்மார்க்கின் பக்கம் சாயவில்லை. அறியப்படும் பொருள் அறிவுக்கு வெளியே இருக்கிறது என்றார். அந்த ரியலிசத்தை மெய்ம்மைவாதம் என்றும், வெளியுறவு ரியலிசத்தை யதார்த்தவாதம் என்றும் பிரித்து வையுங்கள்.

இரண்டு, அலெக்சாண்டர் வெண்ட். 1999இல் அவர் சர்வதேச உறவுத் துறைக்குள் இருந்துகொண்டே ‘ஐடியலிசம்’ என்கிறார். எதிர்ச்சொல் மெட்டீரியலிசம். அரசுகளின் நடத்தையை ஆயுத எண்ணிக்கையைவிடப் பகிர்ந்த கருத்துகள் தீர்மானிக்கின்றன என்பது பொருள். உலகம் எப்படி இருக்க வேண்டும் என்பதல்ல என்று அவரே கவனமாகப் பிரித்துச் சொல்கிறார். உங்கள் சூத்திரம் இங்கே ‘கருத்துமுதல்வாதம்’ தரும். பாதி சரி, ஆனால் பொருள் உலகையே மறுக்கிறார் என்று தமிழ் வாசகர் படிப்பார். ‘கருத்துகளுக்கு முதன்மை தரும் சமூகக் கோட்பாடு’ என்று விரித்துவிடுங்கள். நீளம்தான், பரவாயில்லை.

எதிர்ச்சொல்லைவிட வாக்கியத்தின் எழுவாயும் பயனிலையும் நல்ல துப்பு. அரசு, தலைவர், கூட்டணி என்று தொடங்கி ‘காக்கிறது, மறுக்கிறது, உதவுகிறது’ என்று முடிந்தால் இலட்சியவாதம். மெய்ம்மை, அறிவு, ஆன்மா என்று தொடங்கி ‘ஆகும், அமையும்’ என்று முடிந்தால் மற்றது.

மெய்ப்புத்தாள்

திருத்திய வரைவு:

“2022க்குப் பிறகு பால்டிக், மத்திய ஐரோப்பியத் தலைவர்கள் சிலரின் கொள்கையை ஆய்வாளர்கள் ‘நவ இலட்சியவாதம்’ என்று வகைப்படுத்தினர். க்ரோச்சே, ஜென்டீலே ஆகியோரின் நவ கருத்துமுதல்வாதத்திலிருந்து இது கிளைத்ததன்று.”

பழுப்புத்தாள்

நன்றாக வந்திருக்கிறது. ‘வகைப்படுத்தினர்’ மட்டும் உறுத்துகிறது. நடுநிலையாகப் பட்டியல் போட்டதுபோல் இருக்கிறது. பெயரைப் பரப்பியவர் அந்தக் கொள்கையை ஆதரிப்பவர். “ஆதரித்து எழுதியவர்கள் ‘நவ இலட்சியவாதம்’ என்று அழைத்தனர்” என்று போடுங்கள். நூலின் சொல்லடைவில் இரண்டுக்கும் தனித்தனிப் பதிவு வையுங்கள். ஆங்கில மூலத்தின் சொல்லடைவில் ஒரே தலைப்பின்கீழ் எல்லாப் பக்க எண்ணும் கிடக்கும். அப்படியே இறக்கினால் ஜென்டீலே பக்கத்தைத் தேடுகிறவர் கல்லாஸிடம் போய் நிற்பார்.