கராட்டும் நான் பிடித்த குச்சியும்

இமாச்சலில் குஷைனி பக்கம் நாலு நாள் தங்கியிருந்தேன். பியாஸ் நதியில் போய்ச் சேரும் தீர்த்தன் ஆற்றங்கரை ஊர். கூட வந்தவர்கள் டிரவுட் மீன் பிடிக்கப் போய்விட்டார்கள். நான் மாவு அரைக்கும் இடத்தில் போய் உட்கார்ந்தேன்.

அதற்கு அங்கே கராட் என்று பெயர். ஓடை மேல் கல்லும் மரமுமாய் ஒரு குடில். குனிந்துதான் நுழைய வேண்டும். உள்ளே இருப்பது நம்மூர் திருகைதான், கொஞ்சம் பெரிசு. சுற்றத்தான் ஆள் இல்லை. வாய்க்கால் தண்ணீர் குடைந்த மரம் ஒன்றின் வழியாகச் சரிந்து, தரைக்கடியில் படுக்கையாகக் கிடக்கும் சக்கரத்தில் மோதுகிறது. அதன் தண்டு அடிக்கல்லின் நடுவே ஏறி மேல்கல்லைச் சுற்றுகிறது. பெல்ட் இல்லை, பல்சக்கரம் இல்லை.

பெண்கள் முதுகில் கில்டா கூடையில் தானியம் கொண்டுவந்து வைத்துவிட்டுப் புல் அறுக்கப் போய்விடுகிறார்கள். திரும்பி வரும்போது மாவு தயார். கூலியும் மாவுதான், ஒரு மரக்கிண்ணம் எடுத்துக்கொண்டார் அங்கிருந்த அம்மா.

கல்லுக்கு மேலே தொங்கும் தானியக் கூடையின் வாயில் ஒரு குச்சி கட்டியிருந்தது. அதன் நுனி ஓடும் கல்லைத் தொட்டு டக்டக் என்று குதிக்கும். அந்த அதிர்வில்தான் தானியம் கொஞ்சம் கொஞ்சமாகக் கல்லின் குழியில் விழும். தண்ணீர் வேகம் கூடினால் கல் வேகமெடுக்கும், குச்சியும் வேகமெடுக்கும், தானியமும் கூடுதலாக விழும். என்ன மூளை பாருங்கள்!

இது தெரியாமல் நான் செய்த காரியம்: சத்தம் காதைத் துளைக்கிறதே என்று குச்சியைப் பிடித்துக்கொண்டு போட்டோ எடுத்தேன். தானியம் நின்றுபோனது. கல்லோடு கல் உரசிக் கருகல் வாடை வந்தது. வெளியே இருந்த அம்மா ஓடிவந்தார். சத்தம் நின்றதுமே அவருக்குத் தெரிந்துவிட்டது. பலகையைப் போட்டுத் தண்ணீரைத் திருப்பிவிட்டு, என்னைப் பார்த்தார். "மாஃப் கர்னா, மாதாஜி" என்று இந்தியில் மன்னிப்புக் கேட்டேன். அவர் பஹாடி என்கிற மலைமொழியில் சொன்னது புரியவில்லை, புரியாததே நல்லது. அப்புறம் சிரித்துவிட்டு உளியை எடுத்துக்காட்டினார். அம்மி கொத்துகிற மாதிரி இந்தக் கல்லையும் அவ்வப்போது கொத்த வேண்டுமாம்.

கோத்ரா மாவு இரண்டு கிலோ வாங்கினேன். கோத்ரா வேறொன்றுமில்லை, நம் கேழ்வரகு. சேலத்துக்கு வந்ததும் என் அம்மா களி கிண்டினார். இரண்டாவது வாயில் நிறுத்தி, "என்னடா, கல்லு நறநறங்குது?" என்றார்.

மலைக் கல் அப்படித்தான் இருக்கும்மா என்று சொல்லிவைத்தேன்.