நீலி கதையைத் தனிநடிப்பாகச் செய்கிறேன்: எதை எடுக்கலாம், எதைத் தொடக்கூடாது?

கேள்வி (மேடைக்காரி):
தன்னைக் கொன்றவனை அடுத்த பிறவியில் பேயாக வந்து பழிவாங்கும் நீலியின் கதையை வைத்து ஒரு சிறுகதை எழுதியிருந்தேன், கொலை நடந்த இடத்தில் நின்ற கள்ளிச்செடியே கதை சொல்வதுபோல. இப்போது அதைத் தனிநடிப்பாக மாற்றிக்கொண்டிருக்கிறேன். சிக்கல் என்னவென்றால், உடுக்கையை வேகமாக அடித்தாலே ஒத்திகை பார்க்க வருகிறவர்களில் சிலருக்கு உடம்பு நடுங்குகிறது, ஒரு அக்கா எழுந்து ஆடவே தொடங்கிவிட்டார். கதையில் மாந்திரீகம், மை போடுவது எல்லாம் வருகிறது, அதையெல்லாம் எவ்வளவு தூரம் நிஜமாகச் செய்யலாம்? கோயில் கொடையில் (தென்மாவட்டக் கோயில் திருவிழாவில்) பாடுகிற வரிகளை அப்படியே எடுக்கலாமா? ஆனால் பயமே இல்லாமல் நீலியைக் காட்டவும் முடியாதே.

பதில் (தெற்கத்திக்காரன்):
அக்கா, வில்லுப்பாட்டு கேட்டே வளர்ந்தவன் என்பதால் சொல்கிறேன். கொடையில் புலவர் பாடுவது கதைக்காக மட்டும் இல்லை, சாமியை வரவழைக்கவும்தான். குறிப்பிட்ட கட்டம் வந்ததும் உடுக்கையும் குடமும் வேகமெடுக்கும், சாமியாடுகிற கோமரத்தாடிக்கு அருள் வரும். அங்கே திருநீறு போட, தாங்கிப் பிடிக்க, சாமியை மலையேற்ற (வந்த அருளை இறக்கி அனுப்ப) ஆள் உண்டு. உங்கள் அரங்கத்தில் யார் இருக்கிறார்கள்? அந்த வரியும் அந்தத் தாளமும் வேண்டாம். அதேபோல, கணியான் சமூகத்தார் ஆடும் கணியான் கூத்தில் சுடலைமாடனுக்குக் கையைக் கீறி ரத்தம் கொடுப்பது அவர்களுடைய உரிமையும் கடமையும், அதையெல்லாம் மேடை உத்தியாக்கிவிடாதீர்கள்.

பதில் (ஏட்டுப்பூச்சி):
சடங்கைத் தொடாதீர்கள் என்பது சரி. ஆனால் கதையைத் தாராளமாக மாற்றுங்கள், அது எப்போதும் மாறிக்கொண்டுதான் வந்திருக்கிறது. வடக்கே திருவாலங்காட்டுப் பக்கம், பழையனூரில், நீலி பழிவாங்க வந்த செட்டியின் உயிருக்கு நாங்கள் பொறுப்பு என்று கொடுத்த வாக்குக்காக 70 வேளாளர்கள் தீயில் இறங்கியதுதான் பெரிதாகப் பேசப்படும். தெற்கே அதே நீலி இசக்கி அம்மனாகி, குமரி மாவட்டத்து முப்பந்தலில் கோயில் கொண்டிருக்கிறாள். என்னைக் கேட்டால் கதையில் உண்மையாகவே நடுங்கவைக்கிற இடம் மாந்திரீகம் இல்லை. ஒரு கள்ளிக்கொப்பைப் பிள்ளையாக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு ஊர்க்கூட்டத்துக்கு நடுவில் வந்து "இவர்தான் என் புருஷன்" என்று நிற்கிறாளே, அதுதான். செட்டி இவள் பேய் என்று கதறுகிறான், யாரும் நம்பவில்லை. போன பிறவியில் இவன் அவள் தலையில் கல்லைப் போட்டுக் கொன்றபோது அவள் சார்பில் கேட்க ஒரு நாதி இல்லை, கள்ளி மட்டும்தான் சாட்சி. செத்த பிறகு அவள் சொல்கிற பொய்க்குப் பஞ்சாயத்தே துணைக்கு வருகிறது! இதற்கு மையும் வேண்டாம், மந்திரமும் வேண்டாம், கையில் ஒரு கொப்பு போதும்.

பதில் (அரங்கத்தான்):
செய்முறைக்கு மட்டும் சொல்கிறேன். தஞ்சாவூர்ப் பக்கத்து மெலட்டூரில் நடக்கும் பாகவத மேளா நாட்டிய நாடகத்தில் நரசிம்மராக வருகிறவர் விரதம் இருந்துதான் முகமூடி அணிவார், ஆவேசம் வந்தால் பிடித்துக்கொள்ளப் பக்கத்திலேயே ஆட்கள் நிற்பார்கள். அவ்வளவு பழக்கம் உள்ள இடத்திலேயே இத்தனை ஏற்பாடு. உடுக்கை வேண்டுமென்றால் தாளத்தை ஓடவிடாமல் இடையிடையே பேச்சால் முறியுங்கள். மந்திரத்துக்கு நீங்களே சொற்களை உண்டாக்குங்கள். தாள ஓசையால் சிலருக்கு உடம்பு நடுங்கலாம் என்று முதலிலேயே அறிவித்துவிட்டு, கூட்டத்தில் விவரம் தெரிந்த ஒருவரை உட்காரவையுங்கள். அப்புறம் நீங்களும் ஆட்டம் முடிந்ததும் கொஞ்ச நேரம் தனியாக இருந்து, வேடத்தை விட்டு வெளியே வந்த பிறகு ஆட்களைப் பாருங்கள்.

மேடைக்காரி:
மூன்று பேருக்கும் நன்றி. கொடை வரிகளை எடுத்துவிட்டேன், ஊர்க்கூட்டக் காட்சியை நீட்டி எழுதுகிறேன். செட்டியின் குரலும் என் வாயிலிருந்தே வரவேண்டுமா, இல்லை அவன் பேச்சைப் பார்வையாளர்களில் ஒருவரிடம் கொடுத்து வாசிக்கவைக்கலாமா?