ஸ்லைடில் ஏமாற்றிய செல்கள்: உங்களுக்கு மாட்டியது எது?

கண்ணாடித்தகடு:
ஈடிடிஏ (ரத்தம் உறையாமல் தடுக்கும் ரசாயனம்) போட்ட குழாயில் ராத்திரி முழுக்க வெளியில் கிடந்த ரத்தம், காலையில் ஸ்மியர் (ஸ்லைடில் மெல்லிசாக இழுத்த ரத்தப் படலம்). எங்கு பார்த்தாலும் முள்ளுச் செல். குட்டை முட்கள், சம இடைவெளி, செவ்வணுவின் நடுவெளிறல் அப்படியே. ரிப்போர்ட்டில் ‘பர் செல் 3+’ (முள்ளுச் செல் மிகுதி) என்று போய்விட்டது. பர் செல் என்றால் சிறுநீரகக் கோளாறோ என்று பார்ப்பார்கள், ஆனால் யூரியா, கிரியாட்டினின் இரண்டும் நார்மல். ஒரு செல் விடாமல் முள் இருந்தால் முதலில் குழாயின் வயதைக் கேட்க வேண்டாமா? விரல் நுனியில் குத்தி உடனே இழுத்த ஸ்மியரில் ஒரு முள்கூட இல்லை.

பட்டுப்புழு:
உங்களுக்காவது ஒரு ராத்திரி கிடைத்தது. புழுவின் பொய்க்காலைக் குத்தினால் வரும் துளி பார்த்துக்கொண்டிருக்கும்போதே கறுக்கும். எனோசைட்டாய்டு என்ற ரத்தச் செல் வெடித்து, கறுப்பாக்கும் நொதியின் முன்வடிவமான புரோஃபீனால் ஆக்சிடேஸைக் கொட்டுவதுதான் காரணம். மற்ற ரத்தச் செல்களில் கிரானுலோசைட் துகள்களை உதிர்த்துவிடும், பிளாஸ்மட்டோசைட் கண்ணாடியில் ஒட்டி நீண்டுவிடும். அப்புறம் எதை எண்ணுவது? புழுவை ஐஸில் மரத்துப்போக விட்டு, 70% எத்தனாலில் துடைத்து, பிஎச் 4.5 ஈடிடிஏ-சிட்ரேட் கரைசலில் நேராகச் சொட்ட விடணும். கரைசலும் ஐஸ் குளிர்ச்சியில் இருக்கணும். ஃபீனைல்தயோயூரியா சில துகள் போட்டால் கறுப்பு நிற்கும் (கடும் விஷம், கையுறை கட்டாயம்). ஊசி ஆழமாக இறங்கினால் கொழுப்புத் துளிகள் கலந்து உருண்டையாக மின்னும். அதையும் செல் கணக்கில் சேர்த்துவிடுகிறார்கள்.

பழஈ:
@பட்டுப்புழு, எல்லாப் பூச்சிக்கும் சேர்த்துச் சொல்லாதீங்க. டிரோசோஃபிலா (பழஈ) லார்வாவின் ரத்தச் செல்களில் சுமார் 95% பிளாஸ்மட்டோசைட். கிருமியை விழுங்குவதும் அதுதான். பட்டுப்புழு மாதிரி அந்துப்பூச்சியில் விழுங்கும் வேலை பெரும்பாலும் கிரானுலோசைட்டுக்கு. பெயர் ஒன்று, வேலை வேறு. கறுப்பாக்கும் கிரிஸ்டல் செல்லைப் பார்க்கக் குத்தவே வேண்டாம்: லார்வாவை 60 டிகிரியில் 10 நிமிஷம் வைத்தால் தோலுக்கடியில் கரும்புள்ளியாகத் தெரியும். இன்னும் உறுத்துவது, எதுவும் செய்யாத ஒப்பீட்டு லார்வாக்களில் பெரிய தட்டைச் செல்களாக லாமெல்லோசைட் வந்து நின்றது. மரபுப் பிறழ்வு என்று எல்லாரும் தேடினார்கள். புட்டிக்குள் ஒட்டுண்ணிக் குளவி புகுந்திருந்தது; அது லார்வாவில் முட்டையிட்டால் வரும் செல்தான் இது.

லீஷ்மன்:
@கண்ணாடித்தகடு, பழியை முழுக்கக் குழாய் வயது மேல் போடாதீங்க. குழாயில் கோடு வரை ரத்தம் நிரப்பவில்லை என்றால் ஈடிடிஏ மிஞ்சும், புது ரத்தத்திலும் செல் சுருங்கும். 2 மணி நேரத்துக்குள் ஸ்மியர் இழுங்க. தள்ளும் ஸ்லைடு 30 முதல் 45 டிகிரி. இழுத்ததும் காற்றில் வேகமாகக் காயணும். ஸ்மியரை நிலைப்படுத்தும் மெத்தனால் பாட்டிலைத் திறந்து வைத்தால் ஈரம் இழுக்கும். அப்புறம் செவ்வணுவுக்குள் பளபளவென்று ஓட்டை விழும், அதை ஒட்டுண்ணி என்று சொன்னவர்களும் உண்டு. ஸ்மியரின் வால் நுனியில் வெளிறல் இல்லாத செல்லைப் பார்த்து ஸ்பீரோசைட் (உருண்டைச் செவ்வணு) என்று எழுதாதீங்க, அங்கே எல்லாச் செல்லும் அப்படித்தான் தட்டையாகும். செல்கள் ஒன்றையொன்று தொட்டும் தொடாமலும் நிற்கிற இடத்தில் மட்டும் படிங்க. அரிவாள் செல் சோதனை செய்கிறவர்களுக்கும் ஒன்று: 2% சோடியம் மெட்டாபைசல்ஃபைட் (ஆக்சிஜனை இழுத்து அரிவாள் செல்லை வளைய வைப்பது) அன்றன்றைக்குக் கரைக்கணும், கவர்ஸ்லிப்பைச் சுற்றி வாசலின் அடைப்பு வேணும். காற்று புகுந்தால் செல் வளையாது, நெகட்டிவ் என்று எழுதிவிடுவீங்க. பச்சைக் குழந்தை ரத்தத்திலும் கருப்பருவ ஹீமோகுளோபின் மிகுதியால் நெகட்டிவ் வரும்.

கண்ணாடித்தகடு:
அரிவாள் செல்லை இங்கே யார் கேட்டது 🙂 கோடு வரை நிரப்பிய குழாய்தான் அது. முள் நீளம் ஒழுங்கில்லாமல், எண்ணிக்கையில் குறைவாக, நடுவெளிறலும் இல்லாமல் இருந்தால்தான் அகாந்தோசைட். அப்போது கல்லீரலைப் பார்க்கச் சொல்லலாம். இந்த ஸ்லைடில் அப்படி ஒன்றுகூட இல்லை.