விசா வழக்கில் அதிகாரிக்குச் சிறை, குருந்தூர்மலை வழக்கில்?

ஒட்டுசுட்டான்காரன்:
குடிவரவுத் திணைக்களத் தலைவராக இருந்த ஹர்ஷ இலுக்பிட்டியவை உயர் நீதிமன்றம் 2024 செப்டெம்பரில் விளக்கமறியலில் வைத்தது, 2025 ஜூலையில் 2 வருடச் சிறையும் கொடுத்தது. இணைய விசா ஒப்பந்தத்தை நிறுத்திப் பழைய முறைக்குத் திரும்பு என்ற இடைக்காலக் கட்டளையை நடைமுறைப்படுத்தாததுதான் குற்றம். சரி, தமிழர் வழிபட்டு வந்த குருந்தூர்மலையில் தொல்பொருள் திணைக்களம் செய்த பௌத்த விகாரைக் கட்டுமானத்தை நிறுத்தச் சொல்லி முல்லைத்தீவு நீதிவான் நீதிமன்றம் 2022 ஜூலையில் கட்டளையிட்ட பிறகும் வேலை நடந்ததே, கட்டளை மீறப்பட்டது என்று 2023 ஓகஸ்டில் அதே நீதிமன்றம் சொன்னதே, அதற்கு யார் உள்ளே போனார்கள்? நீதிமன்ற அவமதிப்பு வழக்கை விடாமல் கொண்டுபோக வேண்டும்.

நந்திக்கடல்:
கொண்டுபோய்? அந்த நீதிபதி சரவணராஜா அடுத்த மாதமே உயிர் அச்சுறுத்தல் என்று எழுதிக் கொடுத்து, பதவி விலகி நாட்டை விட்டே போய்விட்டார் அண்ணை. அதற்கு முன்னர் பாராளுமன்றத்திலேயே அப்போதைய உறுப்பினர் சரத் வீரசேகர அவரைத் தாக்கிப் பேசினார். நீதிபதிக்கே இந்தக் கதி என்றால் மனுப் போடுகிற, மலைக்குப் பக்கத்துக் குமுளமுனைச் சனத்துக்கு யார் காவல்?

கனகராயன்:
இரண்டு பேரும் ஒரு விடயத்தை விட்டுவிட்டீர்கள். கீழ் நீதிமன்றத்தை அவமதித்தாலும் தண்டிக்கிற அதிகாரம், அரசியலமைப்பின் 105(3) உறுப்புரைப்படி மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு இருக்கிறது. ஹோமாகம நீதவான் நீதிமன்றத்தில் நடந்துகொண்ட விதத்துக்காக பொது பல சேனா அமைப்பின் ஞானசார தேரருக்கு 2018இல் 6 வருடம் விதித்தது அந்த நீதிமன்றம்தான். எனவே முல்லைத்தீவோடு கதை முடிந்தது என்று சொல்லாதீர்கள்.

நந்திக்கடல்:
அந்த 6 வருடத்தில் எவ்வளவு இருந்தார் தம்பி? 2019 மேயில் ஜனாதிபதி மைத்திரிபால பொதுமன்னிப்புக் கொடுத்தார். அதே வருடம் செப்டெம்பரில் நீராவியடிப் பிள்ளையார் கோயில் கேணிக்குப் பக்கத்தில் பிக்குவின் உடலை எரிக்கக் கூடாது, வேறிடத்தில் எரியுங்கள் என்று முல்லைத்தீவு நீதிமன்றம் சொல்லியும் அங்கேயே எரித்தார்கள், ஞானசாரரும் அங்கே நின்றார், பொலிஸ் பார்த்துக்கொண்டு நின்றது. சட்டத்தரணிகள் பணிப் பகிஷ்கரிப்புச் செய்தார்கள். அதற்கு மேல் எங்களுக்கு என்ன கிடைத்தது?

ஒட்டுசுட்டான்காரன்:
மன்னிப்புக் கொடுத்தது ஜனாதிபதி, நீதிமன்றம் இல்லையே. அந்தக் கோபத்தை நீதிமன்றத்தின் மேல் காட்டி நாங்களே ஒதுங்கினால் திணைக்களக்காரருக்கு அதைவிட வசதி வேறில்லை. மீறல் நடந்தது என்று ஒரு நீதிமன்றமே பதிவு செய்துவிட்டுப் போயிருக்கிறது, எங்கள் கையில் இருக்கிற பெரிய ஆவணம் அது, அதை அப்படியே தூசி பிடிக்க விடுவதா?

கனகராயன்:
விசா வழக்கில் மனுதாரர்களில் தமிழரசுக் கட்சியின் சுமந்திரனும் ஒருவர். கட்டளை கிடைத்ததும் அவர்கள் ஓயவில்லை, நடைமுறைப்படுத்தவில்லை என்று திரும்பவும் போனார்கள். அங்கே கட்டளையை நிறைவேற்ற வேண்டிய ஆள் யார் என்பதும் தெளிவு. எங்கள் பக்கம் "தொல்பொருள் திணைக்களம்" என்று பொதுவாகச் சொல்லிவிட்டு நிற்கிறோம். திணைக்களத்தைச் சிறையில் போட முடியாது. எந்தப் பதவியில் இருந்தவர், கட்டளை அவர் கைக்கு எப்போது போனது, அதற்குப் பிறகு எந்த வேலைக்கு அனுமதி கொடுத்தார், இவை எல்லாம் கடதாசியில் வேண்டும்.

நந்திக்கடல்:
கடதாசி சேர்க்கலாம், அதை நான் மறுக்கவில்லை. ஆனால் கையெழுத்து வைக்கிற ஆள் தண்ணிமுறிப்பில் வயல் செய்கிற ஏழையாக இருக்கக் கூடாது. பாராளுமன்ற உறுப்பினர்களும் சட்டத்தரணிகளும் தங்கள் பெயரில் போடட்டும், அப்போது நானும் வருகிறேன்.